திங்கட்கிழமை விடுமுறை

திங்கட்கிழமைகளில் அவர் வீடு பூட்டியிருக்கும்.
நான் மட்டும் போவேன்
வாளியோடும் கம்பளிச் செருப்போடும்.
மனுஷன் செத்து இருநூறு வருஷமாகப் போகிறது,
தூசுக்கு அது தெரியாது.
பார்க்க வருகிறவர்களைவிட ஒழுங்காக
வாரம் தவறாமல் வருகிறது.

கீழே கடையில் அவர் சொன்னதெல்லாம் கிடைக்கும்:
கோப்பையில், குடையில்,
மூக்குக்கண்ணாடி துடைக்கும் துணியில்.
காலம் பற்றி ஒன்று, அன்பு பற்றி ஒன்று,
நட்சத்திரங்களைப் பற்றி மட்டும் இரண்டு.
என் குளிர்பெட்டியிலும் ஒரு காந்த வாசகம்
மூன்று வருஷமாக
மின்கட்டணச் சீட்டைப் பிடித்துக்கொண்டு நிற்கிறது.
அதில் என்ன எழுதியிருக்கிறதென்று கேட்டால்
விழிப்பேன்.

அவரை நான் வாசித்ததில்லை.
பள்ளியில் ஒரே ஒரு கவிதை, மனப்பாடம்.
நாலாவது வரியில் நின்றுபோனேன்,
ஹாஃப்னர் டீச்சர் ஜன்னலைப் பார்த்துப் பெருமூச்சு விட்டார்.
இன்னும் அந்த வரியில்தான் நிற்கிறேன்.

ஆனால் அவர் நின்ற இடம் எனக்குத் தெரியும்.
மாடியில், சாலே ஆறு தெரியும் ஜன்னலோரம்,
நின்றபடியே எழுதும் உயர மேசை.
அதன் முன்னால் இரண்டு பலகைகள் குழிந்திருக்கின்றன,
இடது கால் கொஞ்சம் ஆழமாக.
இருபத்தாறு வருஷம், தினம் காலை ஆறு மணி என்கிறார்
காப்பாளர் ஷ்டைன்மெட்ஸ்.
துடைப்பம் அங்கே தானாக இறங்கி ஏறும்.
அந்தப் பள்ளத்தில் ஈரம் சீக்கிரம் காயாது,
காயும்வரை பக்கத்தில் நிற்பேன்.
முட்டி வலிக்கும்.
அவருக்கும் வலித்திருக்கும்.

அடுத்த அறையில், கண்ணாடிப் பெட்டிக்குள்,
அவருடைய செலவுக் கணக்கு.
வெளிச்சம் மையைத் தின்றுவிடுமாம்,
மூன்று மாதத்துக்கு ஒரு பக்கம் புரட்டுவார்கள்.
கோழி கிளறிய கையெழுத்து,
பக்கத்தில் நம் எழுத்தில் அச்சடித்த அட்டை.
பதினோரு வருஷத்தில் நாற்பத்து நாலு பக்கம்.
நான் படித்த அவர் அவ்வளவுதான்.

மெழுகுவர்த்தி இரண்டு பவுண்டு.
ஒயின்.
சப்பாத்து தைத்தவனுக்குப் பாக்கி.
மறுபடியும் ஒயின்.
சமையல்காரிக்குப் பல் பிடுங்கக் கொடுத்தது.
கடன் வாங்கிய ஒருவன் பெயரைக் கோடு போட்டு அடித்திருக்கிறார்,
வசூலான தடயமில்லை.

இந்த ஆகஸ்டில் புதுப் பக்கம்.
உப்புக்கும் விறகுக்கும் நடுவில் ஒரு வரி:
அண்ணனுக்குப் பதில் போட்டேன், ஏழு வருஷம் தாமதம்,
தபால் கூலி நான்கு குரோஷன்.
அடுத்த வரியில் வாத்து வாங்கியிருக்கிறார்.

ஏன் தாமதம் என்று இல்லை.
யார் மேல் தப்பு என்று இல்லை.
ஈரத்துணியோடு நின்றேன்,
துணி என் செருப்பில் சொட்டும்வரை.

எனக்கும் கெர்லிண்டேக்கும் ஒன்பது வருஷம்.
அப்பாவின் தோட்டத் துண்டில் ஆரம்பித்து
ஓர் ஏணியில் வந்து முறிந்தது.
பிளம் மரம் என் பங்கு.
ஏணியை அவள் வண்டியில் கட்டிக்கொண்டு போய்விட்டாள்.
டிராமில் எட்டே நிறுத்தம், அவள் வீடு.
ஒன்பது கோடையாக
எட்டும் கிளையில் உள்ளதை நான் தின்கிறேன்,
உச்சியில் உள்ளதைக் குளவிகள்.
ஒரு புது ஏணி என்ன விலை?
வாங்கியிருக்கலாம்.
வாங்கினால் அவளுக்கு விட்டுக்கொடுத்ததாக ஆகிவிடுமே என்று
வீம்பு, வெறும் வீம்பு.

கீழே இறங்கிக் கடையில் ஓர் அஞ்சலட்டை எடுத்தேன்,
ஊழியருக்கு இருபது சதவீதம் தள்ளுபடி.
முன்பக்கம் நட்சத்திரங்களில் ஒன்று,
தங்க எழுத்தில்.
பின்பக்கம் என்னென்னவோ எழுத நினைத்து
முதல் அட்டையைக் கிழித்தேன்.
இரண்டாவதில்:

பழுத்துவிட்டது. ஏணியை எடுத்து வா.
ஹைடரூன்.

செவ்வாய் போனது, வியாழன் போனது.
குளவிகள் வந்துவிட்டன.
சனிக்கிழமை வாசலில் வண்டிச் சத்தம் கேட்டு
எட்டிப் பார்த்தேன்,
பக்கத்து வீட்டுக்குச் சலவை இயந்திரம்.

இன்று திங்கள்.
பலகைப் பள்ளத்தில் தண்ணீர் நிற்கிறது.
என் கணக்கு நோட்டில் போன வாரத்துப் பக்கம்:
அட்டை இரண்டு, ஒன்று வீண்.
தபால்தலை தொண்ணூற்றைந்து சென்ட்.
சோப்புத்தூள்.
வாளி இரண்டு, பெரியது.